திடீர் டிரான்ஸ்ஃபர் ஆர்டர், கோர்ட்டுக்குப் போனா நிக்குமா? அனுபவப்பட்டவங்க சொல்லுங்க

மூணாவது மாடி
வணக்கம். நான் மாநில அரசுல உதவியாளர், 14 வருஷ சர்வீஸ், துறை பேர் வேணாம். போன வெள்ளிக்கிழமை சாயந்திரம் 5.40க்கு பையை மாட்டிட்டு கிளம்பும்போது கண்காணிப்பாளர் கூப்பிட்டு ஒரு கவர் குடுத்தார், பிரிச்சா மாறுதல் ஆணை, 180 கிலோமீட்டர் தள்ளி வேற மாவட்டம், "நிர்வாக நலன் கருதி" அவ்ளோதான் காரணம். பணிவிடுவிப்பு ஆணையும் அதே தேதில ரெடியா இருந்துச்சு, கையெழுத்து போடச் சொன்னாங்க, நான் திங்கக்கிழமை வாங்கிக்கறேன் சார்னு சொல்லிட்டு வந்துட்டேன். ரெண்டு மாசம் முன்னாடி ஒரு பில்லுக்கு அளவுப் புத்தகத்துல (நடந்த வேலையோட அளவை எழுதற பதிவேடு) கையெழுத்து இல்லன்னு ஃபைல்ல குறிப்பு எழுதினேன், அதுக்குத்தான் இதுன்னு ஆபீஸ்ல எல்லாருக்கும் தெரியும், ஆனா யாரும் வாயைத் திறக்க மாட்டாங்க. பொண்ணு ப்ளஸ் டூ. வீட்டுக்காரம்மாவுக்கு இங்க பிரைவேட் வேலை. ஸ்டே கிடைக்குமா?

சும்மா ஒரு ஐடி
கவர்மெண்ட் வேலையில சேரும்போதே மாநிலத்துல எங்க போட்டாலும் போறேன்னு எழுதிக் குடுத்துட்டுத்தான சேர்ந்தீங்க. எங்க தாலுகா ஆபீஸ்ல ஒருத்தர் ஒன்பது வருஷமா அதே நாற்காலி, அவரை மாத்தினாலும் இப்படித்தான் ஸ்டே வாங்கிட்டு வந்து உக்காருவாரு.

டீச்சரம்மா
மெமோ கூட குடுக்காம எப்படி மாத்த முடியும்? அரசியல் சட்டத்துல 311வது பிரிவு இருக்கே, விசாரணை வைக்கணும்ல?

ரிட்டுக்காரன்
311 இங்க வராதுங்க மேடம். அது டிஸ்மிஸ், ரிமூவல், பதவி இறக்கம் இந்த மூணுக்குத்தான். டிரான்ஸ்ஃபர் தண்டனையே இல்ல, சர்வீஸோட ஒட்டிப் பொறந்ததுன்னு சுப்ரீம் கோர்ட் 1986ல வரதராவ் கேஸ்ல இருந்து திரும்பத் திரும்ப சொல்லிட்டு வருது. எழுதப்பட்ட சட்ட விதியை மீறி இருக்கணும், இல்ல ஆர்டர் போட்டவருக்கு அந்த அதிகாரமே இருக்கக்கூடாது, இல்லன்னா கெட்ட எண்ணத்துல போட்டதுன்னு நீங்க நிரூபிக்கணும், அப்பதான் கோர்ட் கை வைக்கும். ஜி.ஓ.ல, அதாவது அரசாணைல இருக்கற வழிகாட்டுதலை மீறிட்டாங்கன்னு மட்டும் போனா 1991ல வந்த ஷில்பி போஸ் தீர்ப்பை எடுத்து முன்னாடி வச்சிடுவாங்க. நிர்வாக உத்தரவை மீறி மாத்தியிருந்தாலும் பொதுவா கோர்ட் தலையிடாது, மேலதிகாரிகிட்ட போய் முறையிடுன்னு அதுல இருக்கு. அந்த கேஸே ஒரு வேடிக்கை. பீகார்ல சில டீச்சருங்க புருஷன் இருக்கற ஊருக்கு கேட்டு வாங்கின டிரான்ஸ்ஃபரை, அதனால இடம் போன மத்த டீச்சருங்க எதிர்த்தாங்க. ஹைகோர்ட் ரத்து பண்ணுச்சு, சுப்ரீம் கோர்ட் அதைத் திருப்பிப் போட்டுடுச்சு.

மூணாவது மாடி சார், மொதல்ல ஒரு விஷயம். வெள்ளிக்கிழமை கையெழுத்து போடாம வந்தது புத்திசாலித்தனம்னு நெனச்சுக்காதீங்க. வீட்டுக் கதவுல ஒட்டுவாங்க, ரெஜிஸ்டர் தபால் வரும், விடுவிச்சாச்சுன்னு ஃபைல்லயும் எழுதிடுவாங்க.

பென்ஷன் தாத்தா
தம்பி, நான் 34 வருஷம் இருந்து ரிட்டயர் ஆனவன், கடைசி ஆறு வருஷம் இந்த மாதிரி ஆர்டர்ல கையெழுத்து போடற இடத்துல இருந்தேன், அதனால அந்தப் பக்கத்து கதையும் தெரியும். வெள்ளிக்கிழமை சாயந்திரம் ஏன் குடுக்கறாங்கன்னா சனி ஞாயிறு கோர்ட் லீவு. திங்கக்கிழமை நீங்க வக்கீலைப் பாக்கறதுக்குள்ள அந்த சீட்ல வேற ஆள் வந்து உக்காந்துட்டா, அரசு வக்கீல் எழுந்திருச்சு மனுதாரர் விடுவிக்கப்பட்டுட்டார், பதிலா ஆள் சேர்ந்தாச்சுன்னு ஒரு வரி சொல்லுவார், பாதி கேஸ் அங்கயே படுத்துடும். நானும் அப்படி ஒண்ணு ரெண்டு பண்ணியிருக்கேன், பெருமையா சொல்லல.

உங்க ஆர்டர்ல பேரு, ஊரை மறைச்சிட்டு மேல "பார்வை"ன்னு, எந்தெந்த கடிதத்தை வச்சு ஆர்டர் போட்டாங்கன்னு ஒரு பட்டியல் இருக்குமே, அதை மட்டும் இங்க போடுங்க.

கலால் குமாரு
நாங்க சென்ட்ரல், எங்களுக்கு மொதல்ல சிஏடி, அதாவது மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். 50 ரூபா ஃபீஸ் கட்டி சென்னை பெஞ்ச்ல ஓஏன்னு ஒரு மனு போடணும், அங்க தோத்தாதான் ஹைகோர்ட், அதுவும் ரெண்டு ஜட்ஜ் உக்கார்ற டிவிஷன் பெஞ்ச், 1997 சந்திரகுமார் தீர்ப்புக்கு அப்புறம் அப்படித்தான். புருஷன் பொண்டாட்டி ஒரே ஊர்ல இருக்கணும்னு மத்திய பணியாளர் துறை (டிஓபிடி) 2009ல போட்ட சுற்றறிக்கையை பிரிண்ட் எடுத்துட்டு எங்காளுங்க அலையறாங்க, ஆனா 1993 அப்பாஸ் கேஸை படிங்க, ஷில்லாங்ல பூங்கா க்யூரேட்டரா இருந்தவரு, மனைவிக்கும் அதே ஊர்ல சென்ட்ரல் வேலை, பிள்ளைங்க படிப்பு, இவருக்கு முதுகெலும்புல அடி வேற, இவ்ளோ இருந்தும் வழிகாட்டுதல் சட்டம் இல்லன்னு சொல்லி தோத்துட்டார். எங்க டிபார்ட்மெண்ட்ல கமிஷனரேட் விட்டு கமிஷனரேட் மாறிக்கற வசதியையே எடுத்துட்டதுக்கு எதிரா போனவங்களும் 2022ல நௌஷாத் ரஹமான் கேஸ்ல தோத்தாங்க, ஆனா அதுல தம்பதி, மாற்றுத்திறனாளி இவங்க விஷயத்தை மறுபடி யோசிங்கன்னு கோர்ட் சொல்லுச்சு, அந்த மட்டும் லாபம்.

டீச்சரம்மா
அப்ப பிள்ளை படிப்புன்னு எதுவும் பேசவே கூடாதா? எனக்கு நடுவருஷத்துல மாறுதல் வந்தப்ப எங்க சங்கத்துல ஏதோ கருப்பத்தேவன் கேஸ்னு சொன்னாங்களே.

ரிட்டுக்காரன்
கரெக்ட், நல்ல நேரத்துல ஞாபகப்படுத்தினீங்க. 1994, நம்ம ஊர் கேஸ்தான், பள்ளிக்கல்வி இயக்குநர் எதிர் கருப்பத்தேவன். விதி எதுவும் இல்லாட்டியும் பிள்ளைங்க படிக்கறதை கணக்குல எடுக்கணும், அவசரம் இல்லாதப்போ கல்வியாண்டு நடுவுல மாத்தறதை தவிர்க்கணும்னு சொல்லி, அந்த வருஷப் படிப்பு முடியற வரைக்கும் ஆர்டரை நிறைவேத்தக்கூடாதுன்னாங்க. கவனிங்க, ஆர்டர் தப்புன்னு சொல்லல, தள்ளித்தான் வச்சாங்க. ப்ளஸ் டூவுக்கு இது ஏப்ரல் வரைக்கும் மூச்சு விட உதவும், அதுக்கு மேல இழுக்காது. பிரைவேட்ல வேலை பாக்கற மனைவி, வீட்டு லோன், அம்மாவுக்கு முடியல, இதெல்லாம் அஃபிடவிட்ல நாலு பக்கம் எழுதறாங்க, ஜட்ஜ் அதை ஒரே வரில துறைக்கு மனு குடுத்துக்கோன்னு முடிச்சிடுவார்.

மூணாவது மாடி
திங்கக்கிழமை போனேன். என் நாற்காலில ஒரு பையன் உக்காந்திருந்தான், பாவம் அவனுக்கு ஒண்ணும் தெரியாது, என்னைப் பார்த்து எழுந்திருச்சு நின்னான், என் டம்ளர்ல தண்ணி குடிச்சிட்டிருந்தான். வருகைப் பதிவேட்டுல என் பேருக்கு நேரா சிவப்பு மையில விடுவிப்புன்னு எழுதி தேதி வெள்ளிக்கிழமைன்னு போட்டிருக்காங்க. தாத்தா கேட்ட பார்வை இதுதான், அப்படியே டைப் பண்றேன்:

பார்வை: 1. நிர்வாகப் பிரிவு அலுவலகக் குறிப்பு. 2. மாவட்ட அலுவலரின் நேர்முகக் கடிதம். 3. பொதுமக்கள் என்ற பெயரில் பெறப்பட்ட புகார் மனு.

மூணுக்கும் தேதி இருக்கு. மூணாவதோட தேதி நான் பில்லுல குறிப்பு எழுதின நாலாவது நாள்.

பென்ஷன் தாத்தா
அட. மூணாவதை யாருய்யா ஆர்டர்ல டைப் அடிச்சது, அந்த தட்டச்சருக்கு மாலை போடணும். நாங்கள்லாம் புகார் எதுவும் பார்வையில வராம கோப்புலயே அமுக்கிடுவோம்.

ரிட்டுக்காரன்
இப்ப கேஸ் வேற மாதிரி ஆகுது சார். 2009ல சோமேஷ் திவாரி, கலால் குமாரு துறைதான். பேர் போடாத புகாரை வச்சு தூக்கி ஷில்லாங்ல போட்டாங்க, விசாரிச்சா புகார்ல ஒண்ணும் இல்ல. தண்டனைக்குப் பதிலா டிரான்ஸ்ஃபர் போட்டா அது சட்டவிரோதம்னு சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லியிருக்கு. தப்பு பண்ணியிருந்தா ஒழுங்கு நடவடிக்கை விதிப்படி 17(ஏ)யோ (சின்ன தண்டனைக்கு) 17(பி)யோ (பெரிய தண்டனைக்கு) குற்றச்சாட்டு மெமோ குடுத்து விசாரிக்கணும், அதை விட்டுட்டு நிர்வாக நலன்னு முகமூடி போடக்கூடாது. உங்க ஆர்டரே புகாரை காரணமா காட்டுது, அதுக்கு நீங்க சாட்சி தேட வேண்டாம், பேப்பரே பேசும்.

அதே சமயம் அந்த அதிகாரி பழிவாங்கினார்னு எழுதணும்னா அவரை பேர் சொல்லி எதிர்மனுதாரரா சேர்க்கணும், பதவியை மட்டும் சேர்த்தா கோர்ட் அந்தக் குற்றச்சாட்டை தொடவே தொடாது. நிறைய பேர் பயந்துட்டு பேரை விட்டுடறாங்க, அப்புறம் ஏன் தோத்தோம்னு கேக்கறாங்க. உங்களுக்கு என் யோசனை, பழிவாங்கல்ங்கறதை பெருசா பேசாதீங்க. மூணாவது பார்வையை மட்டும் பிடிச்சுக்கோங்க.

சும்மா ஒரு ஐடி
பேர் போட்டு ஜெயிச்சவங்க யாராவது இருக்காங்களா?

ரிட்டுக்காரன்
ராயப்பா. ஜெயிக்கல, ஆனா அந்தப் பேரை சொல்லாத சர்வீஸ் வக்கீல் கிடையாது. தமிழ்நாட்டு தலைமைச் செயலாளர், அவரை திட்டக்குழு துணைத் தலைவர்னு மாத்தி, அப்புறம் ஸ்பெஷல் ஆபீஸர்னு போட்டாங்க, முதலமைச்சருக்கு கெட்ட எண்ணம்னு நேரா சுப்ரீம் கோர்ட் போனார். தீர்ப்பு 1973 நவம்பர், புத்தகத்துல 1974னு வரும். தன்னிச்சையா செய்யறதே சமத்துவத்துக்கு விரோதம்னு 14வது பிரிவுக்கு புது விளக்கம் அந்தக் கேஸ்லதான் பொறந்துச்சு, நாடு முழுக்க இன்னிக்கும் அதைக் காட்டி ஜெயிக்கறாங்க, மனுஷன் மட்டும் தோத்துட்டார். கெட்ட எண்ணம்னு சொல்றது சுலபம், நிரூபிக்கற சுமை ரொம்ப கனம்னு அதுலயே எழுதி வச்சாங்க.

எதிர்ப்பக்கம் பாத்தீங்கன்னா கேரளா டிஜிபி சென்குமார், 2017ல ஜெயிச்சு அதே நாற்காலில திரும்ப உக்காந்தார். அவருக்கு கேரளா போலீஸ் சட்டத்துல பதவிக்கால பாதுகாப்பு எழுதி இருந்துச்சு, அது முக்கியமான பிடிமானம். நமக்கு அந்த மாதிரி சட்டப் பிரிவு இல்ல, ஜி.ஓ.தான் இருக்கு.

கலால் குமாரு
எம்எல்ஏ லெட்டர் குடுத்து மாத்தினா?

ரிட்டுக்காரன்
அதுவும் தனியா நிக்காது. மக்கள் பிரதிநிதி புகார் சொல்றது அவர் வேலைதான், அதிகாரி சொந்தமா யோசிச்சு முடிவெடுத்தாரான்னுதான் கோர்ட் பாக்கும், 2007 மசூத் அகமது தீர்ப்பு. இன்னொரு பக்கம் நீங்க எம்எல்ஏவைப் புடிச்சு டிரான்ஸ்ஃபரை நிறுத்தப் பாத்தா அது நடத்தை விதி மீறல், அதை கவுண்டர்ல, அதாவது அரசு தாக்கல் பண்ற பதில் மனுவுல, அழகா எழுதுவாங்க.

டீச்சரம்மா
சார் போய் சேரணுமா வேணாமா அதை சொல்லுங்க யாராவது. எங்க சங்கத்துல சேர்ந்துட்டா கேஸ் போச்சுன்னு சொல்லுவாங்க.

பென்ஷன் தாத்தா
சங்கத்துல சொல்றதை நம்பி வீட்ல உக்காந்த ரெண்டு பேரை எனக்குத் தெரியும், ஒருத்தருக்கு எட்டு மாசம் அனுமதியில்லா விடுப்புன்னு 17(பி), இன்க்ரிமெண்ட் கட், இன்னும் பென்ஷன் கணக்குல அந்த ஓட்டை இருக்கு. போய் சேரணும் தம்பி.

சும்மா ஒரு ஐடி
சேர்ந்துட்டா ஒத்துக்கிட்ட மாதிரிதானே, நாளைக்கு கோர்ட்ல அதைத்தான் சொல்லுவாங்க. நான் இந்த விஷயத்துல அவரோட எதிரி ஆனாலும் லாஜிக் லாஜிக்தான்.

ரிட்டுக்காரன்
ரெண்டுக்கும் நடுவுல ஒரு சந்து இருக்கு. குஜராத் மின்வாரியம் கேஸ், 1989, சூரத்ல இருந்து உக்காய்னு ஒரு ஊருக்கு மாத்தினாங்க, அவர் மனு மேல மனு குடுத்துட்டு போகவே இல்ல, வேலையே போச்சு. ஆர்டரை தள்ளி வைக்கல, ஸ்டே இல்ல, ரத்து இல்ல, அப்ப போய்த்தான் ஆகணும், மனு நிலுவைல இருக்குங்கறது காரணம் ஆகாதுன்னு சுப்ரீம் கோர்ட். அதனால நான் என் கட்சிக்காரங்களுக்கு சொல்றது: பணியேற்பு இடைக்காலம், அதாவது புது இடத்துல போய் சேர குடுக்கற நாட்கள் இருக்கே, அதுதான் உங்க ஜன்னல். விடுவிப்பு ஆணையை வாங்கும்போது "எதிர்ப்புடன் பெற்றுக்கொண்டேன்"னு எழுதி தேதி, நேரம் போட்டு கையெழுத்து போடுங்க. அன்னிக்கே துறைத் தலைவருக்கு மேல்முறையீட்டு மனு, தபால் ரசீதோட. ரெண்டு நாள்ல ஹைகோர்ட்ல ரிட் மனு ஃபைல் ஆகணும். இடைக்காலம் முடியற அன்னிக்கும் ஸ்டே வரலன்னா போய் சேர்ந்து, ரிட் மனுவின் முடிவுக்கு உட்பட்டு சேர்கிறேன்னு பணியேற்பு கடிதத்துலயே எழுதிடுங்க, அப்ப யாரும் ஒத்துக்கிட்டார்னு சொல்ல முடியாது. மெடிக்கல் லீவு போடற வேலை மட்டும் வேண்டாம், ஆர்டர் வந்த மறுநாள் வர்ற முதுகுவலியைப் பார்த்து ஜட்ஜே சிரிப்பார்.

பென்ஷன் தாத்தா
இதோட ஆர்டிஐயும் (தகவல் உரிமைச் சட்ட மனு) போடு தம்பி, பத்து ரூபா. கோப்புக் குறிப்பு நகல் கேளு. பாதிக்கப்பட்டவருக்கு நிர்வாக முடிவோட காரணத்தை சொல்லணும்னு அந்தச் சட்டம் 4(1)(டி)லயே இருக்கு. 30 நாள்ல குடுக்கணும், குடுக்க மாட்டாங்க, ஆனா கேட்டதே கோப்பை யாரும் மாத்தி எழுதாம காவல் காக்கும்.

இன்னொண்ணு, கடுப்புல நீயே வேற மாவட்டம் குடுங்கன்னு மனு எழுதிடாத. விருப்ப மாறுதல் ஆயிடும், பயணப்படியும் போச்சு, மாவட்ட சீனியாரிட்டில கடைசி ஆள் ஆயிடுவ. நிர்வாக மாறுதல்னே இருக்கட்டும்.

மூணாவது மாடி
(ஒன்பது வாரம் கழிச்சு வர்றேன், மெசேஜ்ல கேட்டவங்களுக்கு ஸாரி.)

ரிட் போட்டேன். முதல் நாள் ரெண்டு நிமிஷம் கூட நடக்கல, அரசு வக்கீல் தாத்தா சொன்ன அதே வரியை சொன்னார், விடுவிச்சாச்சு, பதில் ஆள் சேர்ந்தாச்சு. ஸ்டே இல்ல, நோட்டீஸ் மட்டும். நான் கடைசி நாள் போய் சேர்ந்தேன், ரிட்டுக்காரன் சார் சொன்ன வாசகத்தை எழுதினதும் அங்க இருந்த கண்காணிப்பாளர் மூக்குக் கண்ணாடியை இறக்கிப் பார்த்துட்டு "கோர்ட்டுக்குப் போன ஆளா, உக்காருங்க சார்"னு டீ வாங்கிக் குடுத்தார், ஆனா ஃபைல் மட்டும் எதுவும் குடுக்கல. பதினொரு பேர் இருக்கற செக்ஷன்ல எனக்கு ஜன்னலோரம் ஒரு பழைய ஸ்டூல், மேசைக்கு ரெண்டு வாரம் ஆச்சு. ரூம் எடுத்து தங்கினேன், சனிக்கிழமை ராத்திரி பஸ், ஞாயிறு ராத்திரி திரும்ப பஸ்.

கவுண்டர்ல மனுதாரர் மீது புகார் வந்ததால் அலுவலகத்தின் நற்பெயர் கருதி மாற்றப்பட்டார்னு அவங்களே எழுதிட்டாங்க. ஜட்ஜ் கோப்பை வரவழைச்சார். புகாரை யாராவது விசாரிச்சீங்களான்னு ஒரே கேள்வி. விசாரிக்கல. புகார் மனுவுல கையெழுத்து இருக்கற இடத்துல பொதுமக்கள்னு எழுதியிருக்கு, முகவரி இல்ல. ஆர்டர் ரத்து. ஆனா கடைசி பாராவுல, உண்மையான நிர்வாகத் தேவை இருந்தா புதுசா ஆணை போட துறைக்கு இந்தத் தீர்ப்பு தடை இல்லன்னு ஒரு வரி. அதை வாசிக்கும்போதே என் வக்கீல் என்னைத் திரும்பிப் பார்த்தார்.

டீச்சரம்மா
வாழ்த்துக்கள் சார்! ரத்துன்னா ரத்துதான்.

ரிட்டுக்காரன்
அந்த வரி எல்லா தீர்ப்புலயும் வரும். எத்தனை நாள்ல யூஸ் பண்ணினாங்க?

மூணாவது மாடி
பழைய சீட்ல வந்து சேர்ந்த 19வது நாள். இந்த தடவை 60 கிலோமீட்டர், பக்கத்து மாவட்டம், செவ்வாய்க்கிழமை காலைல 11 மணிக்கு மரியாதையா கூப்பிட்டு குடுத்தாங்க. பார்வைன்னு ஒரே ஒரு வரிதான் இருக்கு, காலியிட விவரம் கோரிய கடிதம். புகாரும் இல்ல ஒண்ணும் இல்ல. அங்க நெஜமாவே ஒரு உதவியாளர் இடம் காலியா இருக்கு, விசாரிச்சேன்.

பென்ஷன் தாத்தா
தட்டச்சரை மாத்திட்டாங்க போல.

ரிட்டுக்காரன்
இதை எதிர்த்துப் போகலாம், உடனே போட்டிருக்காங்கங்கறதை வச்சு. ஆனா நான் காசு வாங்கிட்டு ஃபைல் பண்ண மாட்டேன், அப்படி இருக்கு. பொண்ணு பரீட்சை வரைக்கும் தள்ளி வைக்கச் சொல்லி துறைக்கே ஒரு மனு குடுங்க, கருப்பத்தேவனைக் காட்டி.

மூணாவது மாடி
குடுத்தேன், வாங்கி வச்சிருக்காங்க, பதில் இல்ல. 60 கிலோமீட்டர்னா தினம் போய்ட்டு வந்துடலாம், காலைல 6.20 பஸ், பொண்ணு எழுந்திரிக்கறதுக்குள்ள கிளம்பிடறேன். அந்த பில் இன்னும் பாஸ் ஆகல, நான் எழுதின குறிப்புக்குக் கீழ யாரும் கையெழுத்து போடலையாம், அந்தப் பையன்தான் ஃபோன் பண்ணி சொன்னான்.

இப்ப வேற பிரச்சனை. மூணு ஆபீஸ் மாறினதுல சம்பளம் போடற ஆன்லைன் சிஸ்டம் ஐஎஃப்எச்ஆர்எம்எஸ்ல என் பேரு எந்த ஆபீஸ்லயும் காட்டல, ரெண்டு மாச சம்பளம் வரல, நடுவுல இருந்த ஆபீஸ்ல கடைசி ஊதியச் சான்று கேட்டா ஆணைதான் ரத்தாயிடுச்சே, நீங்க இங்க வேலையே பாக்கலையேங்கறாங்க. இதுக்கு யாருக்கு மனு எழுதணும், கருவூலத்துக்கா, துறைத் தலைவருக்கா?